பேசாமல் இருந்ததையும் எழுதுங்கள்

பத்தொன்பது வருடமாக நகரப் பேருந்துகளில் டிக்கெட் பரிசோதனை செய்கிறவளுக்குத் திட்டு வாங்குவது ஒன்றும் புதிதல்ல. அவள் ஏறியதும் பாதிப் பேர் முகத்தைச் சுளிப்பார்கள். டிக்கெட் எடுக்காதவர்கள் தூங்குவதுபோல் நடிப்பார்கள். மாட்டிக்கொண்டவர்கள் அவளுடைய ஏழு தலைமுறையையும் வம்புக்கு இழுப்பார்கள். எதையும் காதில் போட்டுக்கொள்ளாமல், "டிக்கெட் காட்டுங்க" என்று அதே குரலில் மூன்றாவது தடவையும் கேட்பாள். டிரைவர்களுக்கும் கண்டக்டர்களுக்கும் பணிமனை மெக்கானிக்குகளுக்கும் அவள் செக்கரக்கா. அவளுக்கு வேறொரு பெயர் உண்டு என்பதே பலருக்கு மறந்துபோயிருந்தது.

வாரக் கடைசியில் செக்கரக்காவுக்கு இன்னொரு வேலை இருந்தது. ஆண்களுக்கான தேசிய ஃப்ளோர்பால் லீக்கில், அதுவும் முதல் பிரிவில், அவள் நடுவர். உள்ளரங்கில், முழங்கால் உயரத்துக்குச் சுற்றிலும் பலகை கட்டிய தரையில் ஆடும் ஆட்டம் அது. பார்க்க ஹாக்கி மாதிரி இருக்கும். ஆனால் மட்டை லேசு, பந்து ஓட்டை ஓட்டையான வெள்ளைப் பிளாஸ்டிக், வேகமோ கண்ணைக் கட்டும். அணிக்கு ஐந்து பேர் ஓடுவார்கள். ஆறாவது ஆள் கோல்கீப்பர். அவனுக்கு மட்டை கிடையாது, முழங்காலிட்டு உடம்பால்தான் தடுக்க வேண்டும். நடுவர்கள் இரண்டு பேர். பெரியவர், சின்னவர் என்ற பேச்சே இல்லை. இருவர் விசிலுக்கும் ஒரே மதிப்பு.

பணிமனை அணிக்கு வயசுப் பெண்ணாக ஆடப்போனவள் அவள். ஒருநாள் நடுவர் வராமல் போக, வேறு வழியில்லாமல் விசிலைக் கையில் எடுத்தாள். எடுத்ததைத் திருப்பிக் கொடுக்கவேயில்லை. சின்னப் பையன்கள் லீக், பெண்கள் லீக், ஆண்களில் மூன்றாம் பிரிவு, இரண்டாம் பிரிவு என்று படிப்படியாக ஏறி, முப்பத்தெட்டாவது வயதில் முதல் பிரிவுக்கு வந்தாள். அங்கே நடுவர் அறையில் அவளைத் தவிரப் பெண்கள் யாரும் இல்லை. சட்டைகூட ஆண் அளவில்தான் வரும். தோள் இரண்டும் முழங்கை வரை தொங்கும். அதை ஊசியும் நூலுமாக உட்கார்ந்து பிடித்துத் தைத்துக்கொடுப்பது அவள் கணவன்.

கணவன் மூக்குக்கண்ணாடிக் கடையில் லென்ஸ் தேய்ப்பவன். நடுவரின் புருஷன் கண்ணாடிக் கடையில் வேலை பார்க்கிறான் என்று தெரிந்த நாளிலிருந்து ரசிகர்களுக்குக் கொண்டாட்டம். "வீட்டுக்காரர்கிட்ட ஒண்ணு வாங்கிப் போட்டுட்டு வா!" என்று கத்தாத அரங்கமே இல்லை. வீட்டில் மூன்றாவது ஆள் மாமனார். அவர் நாற்பது வருடமாக ஆலை அணியின் ரசிகர். ஐந்து முறை பட்டம் வென்ற அணி. அந்த அணியின் மஞ்சள் சால்வையைத்தான் குளிர்ந்தாலும் வியர்த்தாலும் கழுத்தில் போட்டிருப்பார். மருமகள் ஆலை அணியின் ஆட்டத்துக்கு நடுவராகப் போகும் நாளில், "பாத்து ஊதும்மா" என்பார். "பாத்துத்தான் மாமா ஊதுவேன்" என்பாள். அதற்குமேல் இருவரும் போகமாட்டார்கள்.

அந்த வருடம் அரையிறுதியின் கடைசி ஆட்டம் அவளுக்கு வந்தது. ஆலை அணியும் துறைமுக அணியும். ஜெயிக்கிறவர்கள் இறுதிக்குப் போவார்கள், தோற்றவர்கள் வீட்டுக்குப் போவார்கள். ஆலை அணியின் சொந்த அரங்கம். இரண்டாயிரம் பேர், முக்கால்வாசி மஞ்சள். அவளோடு ஊதியது வழக்கமான ஜோடிதான். முப்பத்துநாலு வயது மருந்துக்கடைக்காரர், அவளை அக்கா என்று கூப்பிடுகிறவர், கொஞ்சம் தொந்தி, நல்ல கண்.

ஐந்துக்கு நாலு என்று ஆலை அணி முன்னால் இருந்தது. கடிகாரத்தில் நாற்பத்தோரு வினாடி பாக்கி. துறைமுகக்காரர்கள் தங்கள் கோல்கீப்பரையே வெளியே கூப்பிட்டுவிட்டு ஆறாவது ஆட்டக்காரனை இறக்கியிருந்தார்கள். போனால் போகட்டும் என்ற ஆட்டம். பந்து பலகையில் மோதித் திரும்பி, ஆலை கோலுக்கு இடப்பக்கம் நின்ற துறைமுகப் பையனிடம் வந்தது. கோல்கீப்பர் வலப்பக்கம் சரிந்து கிடந்தான். கோலில் பாதி திறந்த வீடு. பையன் அடித்தான்.

இந்த ஆட்டத்தில் கோல் கூண்டைத் தரையில் அடித்து வைக்கமாட்டார்கள். கோட்டின்மேல் சும்மா நிற்கும். செக்கரக்கா கூண்டுக்குப் பின்னால் நாலடி தள்ளி நின்றிருந்தாள். ஆலை அணியின் கேப்டன் கம்பத்துக்குப் பக்கத்தில் நின்றான். பந்தைப் பார்த்தபடியே வலது குதிகாலைப் பின்னால் கொண்டுபோய்க் கம்பியின் அடிப்பாகத்தை ஒரு தள்ளு தள்ளினான். கூண்டு ஒரு சாண் நகர்ந்தது. உள்ளே போக வேண்டிய பந்து கம்பத்தின் வெளிப்பக்கம் பட்டுத் தெறித்தது.

விசில் ஊதினாள். இரண்டு கைகளையும் தலைக்கு மேல் குறுக்காகத் தூக்கினாள். பெனால்டி.

அடுத்த நொடி கூரை பிய்ந்துபோகிற சத்தம். கேப்டன் மட்டையைத் தரையில் ஓங்கி அடித்துக்கொண்டு ஓடிவந்தான்.

"கீப்பர் முதுகு பட்டு நகந்துச்சு மேடம்! நீங்க பாக்கவே இல்ல!"

"பாத்தேன். தள்ளி நில்லு."

மருந்துக்கடைக்காரர் பக்கத்தில் வந்து, உதடு அசையாமல் கேட்டார்: "அக்கா, உறுதியா? நான் பந்தப் பாத்துட்டிருந்தேன்."

"குதிகால் தம்பி. வலது குதிகால்."

"அப்போ சரி" என்று அவரும் நடுப்புள்ளிக்குப் போய் நின்றார்.

துறைமுகப் பையன் நடுக்கோட்டிலிருந்து பந்தை ஓட்டிவந்து, கோல்கீப்பரை ஒருபக்கம் சாய்த்து, மறுபக்கம் போட்டான். ஐந்துக்கு ஐந்து. கூடுதல் நேரத்தின் மூன்றாவது நிமிடத்தில் துறைமுகம் இன்னொன்றும் போட்டது. ஆலை அணியின் வருடம் அத்தோடு முடிந்தது. தொப்பிகளும் காகித டம்ளர்களும் மழையாக விழுந்தன. செக்கரக்கா குனியவில்லை, ஓடவில்லை. ஆட்டக் குறிப்பில் 'கூண்டை வேண்டுமென்றே நகர்த்தியது' என்று எழுதி, கேப்டனின் சட்டை எண்ணைப் போட்டு, நேரத்தைப் போட்டு, கையெழுத்திட்டு, நடந்துதான் உள்ளே போனாள்.

டிவியில் அதை நூறு தடவை போட்டார்கள். கேமரா முன்பக்கம் இருந்தது. கோல்கீப்பரின் உடம்பு குதிகாலை மறைத்தது. கூண்டு நகர்வது தெரிந்தது, யார் நகர்த்தியது என்பது தெரியவில்லை. அது போதாதா? ஊரே நடுவராகிவிட்டது.

வீட்டில் மாமனார் டிவிக்கு முன்னால் சால்வையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அவள் செருப்பைக் கழற்றியதும் சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டார்.

"மாமா, சாப்பிட்டீங்களா?"

அவர் மகனைக் கூப்பிட்டார். "சாப்பிட்டேன்னு அவகிட்ட சொல்லு."

பத்தடி அகலக் கூடத்தில் இந்தத் தூது பத்தொன்பது நாள் நடந்தது. "அவகிட்ட உப்பு கேளு", "அவகிட்ட குழாய மூடச் சொல்லு" என்று மகனை அலைக்கழித்தார். பாவம், லென்ஸ் தேய்த்துக் களைத்து வந்தவன், நடுவில் நின்று இரண்டு பக்கமும் பந்தெடுத்துப் போட்டான்.

திங்கட்கிழமை அவள் எப்போதும்போல் முதல் ஷிப்டுக்குப் போனாள். பணிமனை மேலாளர், "ஒரு வாரம் லீவு போட்டுக்கோயேன்" என்றார். "எனக்கு உடம்பு நல்லாத்தானே இருக்கு" என்று டிக்கெட் கருவியைத் தோளில் மாட்டிக்கொண்டாள். வேண்டுமென்றே ஆலைப் பகுதிக்குப் போகும் தடத்தையே கேட்டு வாங்கினாள். இரண்டாவது நிறுத்தத்தில் ஏறியவர்கள் அவளைக் கண்டுகொண்டார்கள். பின் சீட்டில் மஞ்சள் தொப்பி போட்ட ஆள் எழுந்து, "எல்லாரும் காலப் பத்திரமா வச்சுக்கங்கப்பா, அக்கா குதிகால் பாக்கறவங்க!" என்றான். பேருந்தே சிரித்தது.

அவளும் சிரித்தாள். "உன் குதிகால் எனக்கு வேண்டாம் சாமி. டிக்கெட் காட்டு."

அவனிடம் டிக்கெட் இல்லை. பேருந்து இன்னொரு முறை சிரித்தது, இந்தமுறை அவனைப் பார்த்து.

எல்லா நாளும் அப்படிச் சிரிப்பாக முடியவில்லை. ஒருத்தி அவள் காலடியில் துப்பினாள். ஒரு முதியவர், தன் பேத்தி அழுதுகொண்டே தூங்கியதாகச் சொல்லி, நியாயமா என்று கேட்டார். கண்ணாடிக் கடைக் கவுன்டரில் தினமும் யாராவது பழைய கண்ணாடியை வைத்துவிட்டு, "வீட்டம்மாவுக்குக் குடுத்துடுங்க" என்று சொல்லிவிட்டுப் போனார்கள். ஒரு வாரத்தில் முப்பத்தொன்று சேர்ந்தது. முதலாளி முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டார். கணவன் ஒருநாள் மதியம் அவளைக் கடைக்கு வரச்சொல்லி, நாற்காலியில் உட்கார வைத்து, எழுத்துப் பலகையைப் படிக்கச் சொன்னான். கடைசி வரிக்குக் கீழே அச்சகத்தின் பெயர் எறும்பு அளவில் இருந்தது. அதையும் படித்தாள்.

"உனக்கு ஒரு குறையும் இல்ல" என்றான். முதலாளியிடம் கையெழுத்து வாங்கி, சான்றிதழைப் பெரிதாக அச்சடித்து, கடைக் கண்ணாடியில் தெருவைப் பார்த்து ஒட்டினான். வாய்ச்சண்டைக்கே ஒதுங்கிப்போகிற மனுஷன் அவன்.

பன்னிரண்டாம் நாள் லீக் அலுவலகத்திலிருந்து கூப்பிட்டார்கள். தளவாடக் கடைக்கு மேலே இரண்டாவது மாடி. நீண்ட மேசை, சுவர் முழுக்கக் கோப்பைகளின் புகைப்படம். தலைவர் நடுவில் இருந்தார். ஒரு பக்கம் ஆலை அணியின் மேலாளரும் கேப்டனும். இன்னொரு பக்கம் செக்கரக்காவும் மருந்துக்கடைக்காரரும். ஓரத்தில் ஒரு பெண் கணினியில் கூட்டக் குறிப்பு எழுதிக்கொண்டிருந்தாள்.

முதல்நாளே மருந்துக்கடைக்காரர் அவள் வீட்டுக்கு வந்திருந்தார். கை பிசைந்தார். "அக்கா, எங்கிட்ட கேட்டா நான் என்ன சொல்றது? நான் பாக்கலையே. பாத்தேன்னு சொல்லிடவா?"

"பாக்கலன்னா பாக்கலன்னு சொல்லு தம்பி. எனக்காகப் பொய் சொல்லாத. ஆனா நீ பாக்கலங்கிறதால அது நடக்கலன்னும் சொல்லிடாத. ரெண்டும் வேற வேற."

கூட்டத்தில் அவர் அப்படியே சொன்னார்.

தலைவர் ஒரு தாளை அவள் பக்கம் நகர்த்தினார். தயாராக அச்சடித்திருந்தது. ஆட்டத்தின் வேகத்தில் தான் தவறாகக் கணித்துவிட்டதாகவும் அதற்கு வருந்துவதாகவும் நாலு வரி. கீழே அவள் பெயருக்குக் கோடு போட்டிருந்தார்கள்.

"ஒரு கையெழுத்துதாம்மா. ஆட்ட முடிவு மாறப்போறதில்ல. ஆலைக்காரங்க லீக்க விட்டே போறோம்னு நிக்கிறாங்க. இதுல போட்டா எல்லாம் அடங்கிடும். அடுத்த வருஷம் இறுதி ஆட்டமே உனக்குத் தரலாம்."

"முடிவு மாறாதுன்னா எதுக்கு சார் கையெழுத்து?"

"ஒரு மரியாதைக்கு."

"யாரோட மரியாதைக்கு?"

தலைவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "உனக்குப் புரியல. நீ இவ்ளோ தூரம் வந்ததே பெரிய விஷயம். பொம்பளைய ஆண்கள் லீக்ல விட்டதுக்கே எங்கள எத்தன பேர் கேட்டாங்க தெரியுமா? நாங்கதான் உனக்காக நின்னோம். அத நீ நெனச்சுப் பாக்கணும்."

"யாரும் எனக்காக நிக்கல சார். நான்தான் நின்னேன். மூணாம் பிரிவுல ஆறு வருஷம், ரெண்டாம் பிரிவுல நாலு வருஷம். ஒவ்வொரு படியா ஏறி வந்தேன். யாரும் தூக்கிவிடல." தாளை அவர் பக்கமே திருப்பி வைத்தாள். "தப்பா ஊதினா நானே சொல்லியிருக்கேன். போன வருஷம் ரெண்டு தடவ அறிக்கைல எழுதிக் குடுத்திருக்கேன், எடுத்துப் பாருங்க. இது தப்பில்ல."

பிறகு கேப்டனைப் பார்த்துத் திரும்பினாள். இருபத்தாறு, இருபத்தேழு வயதிருக்கும். ஊர்ச் சுவரெல்லாம் அவன் படம்தான். இங்கே அவன் தண்ணீர் பாட்டிலின் மூடியைத் திருகுவதும் திறப்பதுமாக இருந்தான்.

"தம்பி, நீயே சொல்லு. உன் குதிகால் கம்பில பட்டுச்சா இல்லையா?"

மேலாளர் குறுக்கே வந்தார். "அவர் பதில் சொல்ல வேண்டிய அவசியம் இல்ல."

"அவசியம் இல்லதான். கேக்கறேன். பட்டுச்சா, இல்லையா? ஒரு வார்த்தை."

மூடியைத் திருகும் கை நின்றது. அவன் அவளைப் பார்க்கவில்லை, மேலாளரைப் பார்க்கவில்லை, மேசையைப் பார்த்தான். மின்விசிறி சுற்றிக்கொண்டிருந்தது. கீழே கடையில் யாரோ கட்டிலை இழுக்கும் சத்தம் கேட்டது. 'இல்லை' என்பது ஒரு சின்ன வார்த்தை. அவன் அரங்கத்தில் அதைக் கத்திக் கத்திச் சொன்னவன்தான். இங்கே வாய் வரவில்லை.

செக்கரக்கா குறிப்பெழுதும் பெண்ணிடம் சொன்னாள்: "நான் கேட்டத எழுதிக்கம்மா. அவர் பேசாம இருந்ததையும் எழுதிக்க."

அந்தப் பெண் தலைவரைப் பார்த்தாள். தலைவர், "அதெல்லாம் தேவையில்ல" என்றார்.

"கூட்டத்துல நடந்தத எழுதறதுக்குத்தானே குறிப்பு? நடந்துச்சே. எழுதும்மா."

ஒரு கணம் விரல்கள் அந்தரத்தில் நின்றன. அப்புறம் டக்டக்கென்று எழுதின. தலைவரின் முகம் சிவந்தது.

ஒரு வாரத்தில் கடிதம் வந்தது. பெனால்டியைப் பற்றி அதில் ஒரு வரிகூட இல்லை. 'விசாரணைக் கூட்டத்தில் மரியாதைக் குறைவாக நடந்துகொண்டதற்காக' அவளுக்கு ஆறு மாதம் தடை. அதோடு இன்னொரு பத்தி: வரும் பருவத்திலிருந்து முதல் பிரிவு நடுவர் அனைவருக்கும் வருடாந்திர ஓட்டச் சோதனையின் அளவு உயர்த்தப்படுகிறது, ஆண், பெண், வயது பேதமில்லை.

கணவன் கடிதத்தைச் சத்தமாகப் படித்தான். மாமனார் சுவரைப் பார்த்தபடி கேட்டுக்கொண்டிருந்தார். திடீரென்று சால்வையை உதறிக்கொண்டு எழுந்தார்.

"இது என்ன அநியாயம்! நடுவர் ஊதினா ஊதினதுதான்! அதுக்கப்புறம் என்ன விசாரணை, என்ன கடுதாசி? நாப்பது வருஷமா ஆட்டம் பாக்கறேன். எத்தனையோ கிறுக்கன் எங்களுக்கு எதிரா ஊதியிருக்கான். அவனையெல்லாம் கூப்ட்டு மன்னிப்பா கேக்க வச்சாங்க?" மருமகள் பக்கம் திரும்பினார். "இந்தா பாரும்மா. நீ குடுத்தது தப்பு. அது தப்புதான், சாகற வரைக்கும் சொல்லுவேன். ஆனா அந்தத் தாள்ல கையெழுத்து போட்டேன்னு வை, இந்த வீட்ல உங்கூடப் பேசவே மாட்டேன்."

"இப்ப மட்டும் பேசிட்டா இருந்தீங்க?" என்றான் மகன்.

"நீ சும்மா இருடா!"

செக்கரக்காவுக்குச் சிரிப்பு வந்தது. சிரிப்போடு கண்ணிலும் கொஞ்சம் வந்தது. "குதிகால் பட்டுச்சு மாமா."

"படல!"

அன்றிலிருந்து தூது ஒழிந்தது, நேரடிச் சண்டை ஆரம்பமானது. எல்லாருக்கும் அதுவே நிம்மதியாக இருந்தது.

இறுதி ஆட்டம் அவள் இல்லாமல் நடந்தது. அவள் வரிசையில் நின்று டிக்கெட் எடுத்து, வேலைச் சீருடையிலேயே கோலுக்கு நேர்பின்னால் முதல் வரிசையில் போய் உட்கார்ந்தாள். ஊதிய இரண்டு நடுவர்களும் அவளைப் பார்த்துத் தலையசைத்தார்கள். மேடையிலிருந்து தலைவரும் பார்த்தார். அவள் எழுந்து வணக்கம் சொன்னாள். வேறு ஒன்றும் செய்யவில்லை. செய்ததே அவருக்குப் போதுமானதாக இருந்தது.

இனி ஓட்டச் சோதனை. இருபது மீட்டருக்கு இரண்டு கோடு. பீப் என்று ஒலிக்கும் முன் ஒரு கோட்டிலிருந்து ஓடி மறுகோட்டைத் தொட வேண்டும். ஒவ்வொரு நிமிடமும் ஒரு நிலை கூடி, பீப் நெருங்கிவரும். பழைய அளவு ஏழாம் நிலை. அதை அவள் வருடா வருடம் மூச்சிரைக்காமல் முடிப்பாள். புதிய அளவு ஒன்பதரை. அவளுக்கு நாற்பத்திரண்டு முடிந்திருந்தது; இடது முழங்கால் படி ஏறும்போதே கரகரக்கும். பயிற்சியின் முதல் நாள் பணிமனை வண்டிக் கொட்டகையில் ஓடிப் பார்த்தாள். எட்டில் நின்றுபோனாள். எண்ணெய்க் கறை படிந்த தரையில் உட்கார்ந்து, நெஞ்சு அடித்துக்கொள்வதைக் கேட்டுக்கொண்டிருந்தாள்.

டயர் மாற்றும் மெக்கானிக் வந்து பக்கத்தில் குந்தினார். "செக்கரக்கா, வண்டி சூடாயிடுச்சு. தண்ணி ஊத்தவா?"

"ஊத்துங்க. நாளைக்கும் ஓட்டணும்."

ஐந்து மாதம் ஓடினாள். மதிய ஷிப்டு முடிந்ததும் கொட்டகையின் இரண்டு தூண்களுக்கு நடுவில். தூணுக்குத் தூண் இருபது மீட்டர் இருக்கிறதா என்று மெக்கானிக் நாடா வைத்து அளந்து, குறைந்த அரை மீட்டருக்குச் சுண்ணாம்புக் கோடு போட்டார். கண்டக்டர்கள் தேநீர்க் குவளையோடு வேடிக்கை பார்த்தார்கள். அவள் திரும்பும்போதெல்லாம் "ரைட், ரைட்!" என்று குரல் கொடுத்தார்கள். முதலில் கேலியாகத்தான். இரண்டாம் மாதத்துக்கு மேல் அதில் கேலி இல்லை. முழங்காலுக்குக் கணவன் இரவில் வெந்நீர் ஒத்தடம் கொடுத்தான். "விட்டுடேன். ரெண்டாம் பிரிவுல ஊதினா ஆகாதா?" என்று ஒருமுறை கேட்டான்.

"ஆகும். ஆனா அவங்க தள்ளி நான் போனதா இருக்கக் கூடாது. போகணும்னு தோணினா நானே போவேன்."

அவன் ஒத்தடத் துணியை மறுபடியும் வெந்நீரில் நனைத்தான்.

சோதனை நாளன்று அரங்கத்தில் பதினாறு நடுவர்கள் வரிசையாக நின்றார்கள். தலைவர் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். மேலே பார்வையாளர் படியில் மஞ்சள் சால்வையோடு மாமனார் வந்து உட்கார்ந்திருந்ததை அவள் கடைசி நொடியில்தான் கவனித்தாள். கூப்பிடாமலே வந்திருந்தார்.

பீப் ஒலித்தது. ஏழு வரைக்கும் எல்லாரும் பேசிக்கொண்டே ஓடினார்கள். எட்டில் பேச்சு நின்றது. எட்டரையில் மருந்துக்கடைக்காரர் தொந்தியைப் பிடித்துக்கொண்டு ஒதுங்கினார். அவர் பின்னால் இரண்டு பேர். அதற்கப்புறம் ஆளாளுக்கு விழ ஆரம்பித்தார்கள். போன வருட இறுதி ஆட்டத்தை ஊதியவர் ஒன்பதுக்கு முன்னால் கோட்டைத் தவறவிட்டார். இருபத்தெட்டு வயதுப் பையன் ஒருவன் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றுவிட்டான். ஓட்டத்தில் ஐந்து பேர் மிஞ்சினார்கள். அவள் அதில் ஒருத்தி.

ஒன்பதில் அவளுக்குக் காது அடைத்தது. பீப் எங்கோ தண்ணீருக்கு அடியிலிருந்து வருவதுபோல் இருந்தது. முழங்கால் ஒவ்வொரு திருப்பத்திலும் கத்தியால் கீறியது. மேலேயிருந்து ஒரு குரல் மட்டும் தெளிவாகக் கேட்டது.

"ஓடும்மா! தப்பா ஊதினாலும் நேரா ஓடு!"

ஒன்பதரைக் கோட்டைத் தொட்டாள். நிற்கவில்லை, யாரும் சந்தேகப்படக் கூடாது என்று இன்னும் இரண்டு முறை போய் வந்தாள். பிறகு நேராகப் பக்கக் கதவைத் திறந்து வெளியே போய், சாக்கடை ஓரமாக வாந்தி எடுத்தாள். குழாயில் முகத்தைக் கழுவிக்கொண்டு உள்ளே திரும்பி வந்தாள்.

உள்ளே மேசையைச் சுற்றிக் குசுகுசுவென்று பேச்சு. பதினாறில் பதினோரு பேர் தோற்றிருந்தார்கள். ஒரு வார இறுதிக்கு ஆறு ஆட்டம். ஐந்து பேரை வைத்துக்கொண்டு எப்படி நடத்துவது? அவளை வெளியே தள்ளப் போட்ட அளவு லீக்கையே வெளியே தள்ளிவிட்டிருந்தது.

தலைவர் தொண்டையைச் செருமினார். "சரி, பீப் கருவியில ஏதோ கோளாறு மாதிரி தெரியுது. இன்னைக்கு ஓடினது செல்லாது. பழைய அளவுலயே வேற ஒரு நாள் வச்சுக்கலாம்."

செக்கரக்கா தன் சோதனைத் தாளை எடுத்துப்போய் அவர் முன்னால் வைத்தாள். மூச்சு இன்னும் சீராகவில்லை.

"மத்தவங்களுக்கு எந்த அளவு வேணா வைங்க சார். எல்லாம் நல்ல நடுவருங்க, அவங்க வரணும். என் தாள்ல மட்டும் நான் ஓடினத எழுதுங்க. ஒன்பதரை. அதுக்கு மேல ரெண்டு."

"அதான் செல்லாதுன்னு..."

"அஞ்சு பேர் ஓடியிருக்கோம்" என்று பின்னாலிருந்து ஒரு குரல். மிஞ்சிய நால்வரில் மூத்தவர். அவரும் தன் தாளை மேசையில் வைத்தார். மற்ற மூவரும் வைத்தார்கள். தோற்றுப்போன மருந்துக்கடைக்காரர் வியர்வை சொட்டச் சொட்ட வந்து, "எழுதிடுங்க சார். நான் எட்டரை. அதையும் சேத்து எழுதுங்க, எனக்கு வெக்கமில்ல" என்றார்.

தலைவர் வேறு வழியின்றிச் சிரித்து, எழுந்து அவளிடம் கையை நீட்டினார்.

"கை அப்புறம் குடுக்கலாம் சார். முதல்ல கையெழுத்து."

அவர் உட்கார்ந்து போட்டார்.

மன்னிப்பு என்று யாரும் கேட்கவில்லை, அவளும் எதிர்பார்க்கவில்லை. புதுப் பருவத்தில் முதல் ஐந்து ஆட்டமும் அவளுக்கு ஊர்க் கடைசி அரங்கங்களாகவே போட்டார்கள். ஒன்றில் கூரை ஒழுகும், ஒன்றுக்குப் பேருந்தில் நாலு மணி நேரம். ஒன்றில் பெண்கள் உடை மாற்ற அறையே இல்லை. துடைப்பமும் வாளியும் வைக்கிற அறையில் மாற்றிக்கொண்டாள். எல்லாவற்றுக்கும் போனாள். ஒன்றைக்கூட மறுக்கவில்லை.

ஆறாவது வாரம் லீக்குக்கு வேறு ஜோடி கிடைக்கவில்லை. ஆலை அணியின் ஆட்டம் அவளுக்கு வந்தது. உள்ளே போகும் நடைபாதையில் கேப்டன் சுவரோரம் நின்றிருந்தான். அவளைக் கண்டதும் இரண்டடி முன்னால் வந்தான்.

"மேடம், அன்னைக்கு மேல அலுவலகத்துல..."

"ஆட்டத்துக்கு ரெண்டு நிமிஷம் இருக்கு. லேஸ் அவுந்து கெடக்கு பாரு, கட்டிக்க."

அவன் குனிந்து பார்த்தான். அவள் தாண்டிப் போய்விட்டாள்.

அவன் சொல்லித்தான் அவளுக்குத் தெரிய வேண்டும் என்று எதுவும் இல்லை. அரங்கத்தில் வழக்கமான கூச்சல் காத்திருந்தது. யாரோ ஒரு மூக்குக்கண்ணாடியைக் கயிற்றில் கட்டிப் பலகைக்கு மேலே ஆட்டினார்கள். மருந்துக்கடைக்காரர் பந்தை நடுப்புள்ளியில் வைத்தார். இரண்டாவது பகுதியில் எதிராளியின் மட்டையை ஓங்கி அடித்ததற்காகக் கேப்டனை அவள் இரண்டு நிமிடம் வெளியே அனுப்பினாள். அவன் ஒரு வார்த்தை பேசாமல் போய் உட்கார்ந்தான். ஆலை அணி ஏழுக்கு மூன்றில் ஜெயித்தது. வீட்டில் மாமனார், அந்த இரண்டு நிமிடம் அநியாயம் என்று அவள் சாப்பிட்டு முடிக்கும் வரை விடாமல் வாதாடினார்.